லூயி மால் பார்த்த இந்தியா: பிபிசி அலுவலகம் மூடப்படக் காரணமான பயணப்படம்

எழுதி வைத்த திரைக்கதை இல்லை. தேடிச் சென்று நிரூபிக்க வேண்டிய கருத்தும் இல்லை. ஒளிப்பதிவாளர் எத்தியென் பெக்கர், ஒலிப்பதிவாளர் ழான்-கிளோத் லோரே ஆகிய இருவரை மட்டும் அழைத்துக்கொண்டு 1968 ஜனவரியில் இந்தியா வந்தார் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால். ஏறத்தாழ 4 மாதப் பயணத்தில் 16 மி.மீ. படச்சுருளில் அவர் பதிவு செய்தவை, ‘மாய இந்தியா’ என்று பொருள்படும் பெயரில் 7 பகுதிகள் கொண்ட ஆவணத் தொடராக 1969-ல் பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயின. மொத்தம் 6 மணி நேரத்துக்கும் அதிகமாக ஓடும் படம் இது.

அப்போது மால் புதியவர் அல்லர். கடலாய்வாளர் கூஸ்தோவுடன் இணைந்து இயக்கிய ஆவணப்படத்துக்காக 1956-லேயே கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றிருந்தவர். கதைப்படங்களில் ஏற்பட்ட சலிப்பே அவரைப் பயணத்துக்குத் தள்ளியது.

கேமராவை நோக்கும் கண்கள்

முதல் பகுதியின் பெயரே ‘இயலாத கேமரா’. கிராமத்தில் கேமராவைக் கண்டதும் மக்கள் வேலையை நிறுத்திவிட்டு அதையே உற்றுப் பார்க்கின்றனர். வழக்கமான ஆவணப்படக்காரர் இக்காட்சிகளை வெட்டி எறிந்திருப்பார். மால் அவற்றை அப்படியே வைத்துக்கொண்டார். பார்க்க வந்தவன் இங்கே பார்க்கப்படுகிறான் என்பதை மறைப்பது பொய்யாகும் என்பது அவர் நிலைப்பாடு. பின்னணியில் ஒலிப்பதும் எல்லாம் அறிந்த அறிவிப்பாளரின் குரல் அன்று. தனக்குப் புரியவில்லை என்று அடிக்கடி ஒப்புக்கொள்ளும் மாலின் சொந்தக் குரலே.

இரண்டாம் பகுதி முழுவதும் சென்னைக்கு உரியது. கூட்டம் வடம்பிடித்து இழுக்கும் கோயில் தேர், கலாக்ஷேத்ராவின் நடனப் பயிற்சி, ‘தில்லானா மோகனாம்பாள்’ படப்பிடிப்புத் தளம் ஆகியவை அதில் இடம்பெறுகின்றன. தேரோட்டத்தில் அவர் காட்டும் பொறுமை இன்றைய பயணக் காணொலிகளில் காணக் கிடைக்காதது.

அரசின் சீற்றம்

1970-ல் பிபிசி இத்தொடரை ஒளிபரப்பியபோது சிக்கல் எழுந்தது. வறுமையையும் பின்தங்கிய நிலையையும் மட்டுமே காட்டி நாட்டை இழிவுபடுத்துவதாக இந்திய அரசு கருதியது. ஒளிபரப்பை நிறுத்துமாறு கோரியது. பிபிசி மறுத்தது. விளைவாக அதன் டெல்லி அலுவலகம் மூடப்பட்டது. மீண்டும் திறக்கச் சில காலம் பிடித்தது.

அரசின் நடவடிக்கை மிகையானது என்பதில் ஐயமில்லை. எனினும், குறை முற்றிலும் ஆதாரமற்றதும் அன்று. புரியவில்லை என்று சொல்லும் அதே குரல், சாதி குறித்தும் சமயம் குறித்தும் ஒரு நாடு முழுமைக்குமான தீர்ப்புகளைச் சில இடங்களில் எளிதாக வழங்கிவிடுகிறது. படம்பிடிக்கப்பட்ட ஏழைகளோ, தம்மைப் பற்றி என்ன சொல்லப்பட்டது என்பதை அறியவே வாய்ப்பில்லை.

இதே பயணத்தில் எடுத்த காட்சிகளைக் கொண்டு மால் தனியே உருவாக்கிய ‘கல்கத்தா’ ஆவணப்படம், 1969 கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. தம் படைப்புகளில் மனத்துக்கு மிக நெருக்கமானதாக அவர் கருதியதோ இந்த இந்தியத் தொடரைத்தான்.