ஒற்றைப் பொருளுக்கு ஒரு பட்டறை

கணினியில் வரைந்த வடிவத்தை இயந்திரமே படித்துப் பொருளாக்குவது எண்முறை உற்பத்தி. வரைபடக் கோப்பின்படி லேசர் இயந்திரம் பலகையை அறுக்கும், சிஎன்சி இயந்திரம் உலோகத்தைக் கடையும், முப்பரிமாண அச்சு இயந்திரம் உருகிய பிளாஸ்டிக் இழையை அடுக்கடுக்காக இட்டு உருவத்தை எழுப்பும். இதற்குத் தனி அச்சு வார்க்க வேண்டியதில்லை. அதனால் ஆலைக்குக் கட்டுப்படியாகாத ஒற்றைப் பொருளையும் தனி ஒருவர் செய்துகொள்ளலாம்.

ஒற்றைப் பொருளின் அருமை கொல்கத்தாவுக்குப் பழக்கமானது. 1890களில் இயற்பியலாளர் ஜகதீஷ் சந்திர போஸ் அங்குள்ள பிரசிடென்சி கல்லூரியில் மின்காந்த அலைகளை ஆராயத் தொடங்கியபோது, வேண்டிய கருவிகள் கடையில் கிடைப்பவையாக இல்லை. தகர வேலை செய்யும் ஒருவரைத் துணைக்கு வைத்துக்கொண்டு அவற்றைச் செய்தார். ரயில் கால அட்டவணைப் புத்தகத்தின் பக்கங்களுக்கிடையே தகரத் தாள்களைச் செருகி, அலைகளை ஒரே தளத்தில் அதிரவைக்கும் கருவியாக்கினார். முறுக்கிய சணலும் அவருக்கு ஆய்வுக் கருவியானது. 1895இல் டவுன் ஹாலில், சுவர்களைத் தாண்டிச் சென்ற அலைகளால் மணியை ஒலிக்கச் செய்து காட்டினார். அவர் செய்த கருவிகள் கொல்கத்தா போஸ் நிறுவனத்தில் இன்றும் பாதுகாக்கப்படுகின்றன.

அத்தகைய கைத்திறன் எல்லோருக்கும் வாய்ப்பதில்லை. அதில் ஒரு பங்கையேனும் கோப்பில் எழுதிவைத்துப் பிறரிடம் கொடுக்க முடிகிறது என்பதே எண்முறை உற்பத்தியின் பெரிய கொடை. எண்களால் இயங்கும் மில்லிங் இயந்திரத்தை அமெரிக்காவின் எம்.ஐ.டி. 1952இலேயே இயக்கிக் காட்டியது. ஆனால் அது நெடுங்காலம் பெரிய ஆலைகளின் சொத்தாகவே இருந்தது. எம்.ஐ.டி.யின் நீல் கெர்ஷன்ஃபெல்ட் சிறு இயந்திரங்களை ஒரே அறையில் பொதுப் பயன்பாட்டுக்கு வைக்கும் ‘ஃபேப் லேப்’ முறையை வளர்த்தார். எம்.ஐ.டி.க்கு வெளியே அமைந்த முதல் சில ஃபேப் லேப்களில் ஒன்று, புனே மாவட்டத்தின் பாபல் கிராமத்தில் விஞ்ஞான் ஆசிரமத்தில் 2002இல் உருவானது. ஒரு கிராமத்துக்கு இது இவ்வளவு சீக்கிரம் வந்தது பெருமைப்பட வேண்டிய செய்தி.

இங்கிலாந்தின் பாத் பல்கலைக்கழகத்தில் ஏட்ரியன் போயர் 2005இல் தொடங்கிய ‘ரெப்ராப்’ திட்டம், முப்பரிமாண அச்சு இயந்திரத்தின் வடிவமைப்பையே எல்லோருக்கும் திறந்துவிட்டது. இழை உருக்கி அச்சிடும் முறையின் முதன்மைக் காப்புரிமை 2009இல் காலாவதியானதும் இயந்திரங்களின் விலை வேகமாகச் சரிந்தது. இந்தியப் பள்ளிகளின் அடல் டிங்கரிங் ஆய்வகங்களில் இன்று இந்த இயந்திரங்கள் மாணவர் கைக்கு எட்டுகின்றன.

முப்பரிமாண அச்சுக்குக் குறைகளும் உண்டு. உள்ளங்கை அளவுப் பொருளை அச்சிடவே பல மணி நேரம் பிடிக்கும். அடுக்குகள் ஒட்டிய இடத்தில் எளிதில் பிளக்கும், வெப்பமும் தாங்காது. ஆயிரக்கணக்கில் வேண்டுமென்றால் பழைய அச்சு வார்ப்பே மலிவு.

ஆகவே கொல்கத்தாவுக்கு எண்முறை உற்பத்தியின் பயன் பழைய பட்டறைகளோடு சேரும்போதே மிகுதி. மின்னணு உதிரிகளுக்குச் சாந்தினி சந்தை இருக்கிறது. ஹூக்ளி ஆற்றின் அக்கரையில், ஹவுராவின் பெலிலியஸ் சாலையில் லேத் பட்டறைகள் இருக்கின்றன. ஹவுராவில் பவுண்டரிகளும் உண்டு. உற்பத்தி நின்றுபோன பழைய இயந்திரத்தின் உடைந்த பாகத்தை அளந்து வரைந்து, பிளாஸ்டிக்கில் அச்சிட்டு, வழக்கமான மர மாதிரிக்கு (பேட்டர்ன்) பதிலாக மணலில் பதித்து இரும்பு வார்க்கலாம். இரும்பு இறுகிக் குளிரும்போது சுருங்கும் அளவை வரைபடத்தில் முன்கூட்டியே சேர்க்க வேண்டும். வார்த்ததை லேத்தில் துல்லியமாகக் கடைந்து முடிக்க, அனுபவமுள்ள டர்னர் வேண்டும்.