சிறு உணரியும் அதன் விவரத்தாளும்

இந்திய வானிலைத் துறையின் தலைமையகம் 1928-ஆம் ஆண்டில் சிம்லாவிலிருந்து புனே நகருக்கு மாற்றப்பட்டது. 1944-இல் அது புது டில்லிக்குச் சென்ற பின்னரும், சிவாஜி நகரிலுள்ள அக்கட்டிடம் மக்கள் வழக்கில் 'சிம்லா ஆபீஸ்' என்றே நிலைத்துவிட்டது. புனேயின் பழைய வெப்பநிலைப் பதிவுகளுள் இரண்டு குறிப்பிடத்தக்கவை: 1897 ஏப்ரல் 30-இல் 43.3 டிகிரி செல்சியஸ். 1935 ஜனவரி 17-இல் 1.7 டிகிரி.

இன்று தீப்பெட்டியினும் சிறிய டி.எச்.டி. 11 என்னும் உணரியைக் கொண்டு, பள்ளி மாணவரும் வெப்பநிலையையும் ஒப்பு ஈரப்பதத்தையும் அளந்துவிடலாம். எனினும் அது காட்டும் எண்ணின் பொருளை அறிய, விவரத்தாளைப் படித்தல் இன்றியமையாதது.

முதலில் காண வேண்டியது அளவெல்லை. இவ்வுணரிக்கு அது வெப்பநிலையில் 0 முதல் 50 டிகிரி. ஈரப்பதத்தில் 20 முதல் 90 சதவீதம். மேற்கூறிய இரு வெப்பநிலைகளும் இதனுள் அடங்கும். ஆனால் புனேயின் கோடைப் பிற்பகல்களில் ஈரப்பதம் 20-க்குக் கீழே இறங்குவதும், மழைக்காலத்தில் 90-ஐக் கடப்பதும் உண்டு. அவ்வேளைகளில் கருவி காட்டும் எண்ணை நம்புதற்கில்லை.

இரண்டாவது, பிழை எல்லை. வெப்பநிலை 2 டிகிரியும், ஈரப்பதம் 5 சதவீதமும் கூடியோ குறைந்தோ இருக்கலாம். 1935-இன் அக்குளிரில் இக்கருவி இருந்திருப்பின், நீர் உறையுமா உறையாதா என்பதையே அதனால் உறுதியாகக் கூற இயலாது.

மூன்றாவது, காட்டும் நுண்ணளவு. இதனைத் துல்லியமெனக் கருதுதல் கூடாது. டி.எச்.டி. 22 என்னும் உயர்ந்த வகை 0.1 டிகிரி வரை காட்டும். அதன் பிழை எல்லையோ 0.5 டிகிரி. அது 24.3 எனக் காட்டின், உண்மை 23.8-க்கும் 24.8-க்கும் இடையில் எங்கும் இருக்கலாம்.

நான்காவது, இடைவெளி. முன்னதை நொடிக்கொரு முறையும், பின்னதை இரு நொடிக்கொரு முறையுமே படிக்கலாம்.

இரு சிற்றூர்ப் பள்ளிகளின் டி.எச்.டி. 11 அளவுகள் 3 டிகிரி வேறுபட்டால், ஓரூர் மற்றதனினும் வெப்பமிக்கது என்று எழுதிவிடல் ஆகாது. அவ்வேறுபாடு கருவிகளுடையதாகவே இருக்கலாம். ஆதலின், அளக்கத் தொடங்குமுன் இரு உணரிகளையும் நல்ல பாதரச வெப்பமானி ஒன்றுடன் ஒரே நிழலில் ஒரு நாள் வைத்து, வேறுபாட்டைக் குறித்துக்கொள்க. பதிவேட்டில் அளவின் அருகே பிழை எல்லையையும் எழுதுவிக்க வேண்டும். பின்னர் அப்பதிவைப் படிப்போர், அதனை எவ்வளவு நம்பலாம் என்பதை அறிவர்.