மருந்துக்கு அடங்காத சந்தர்ப்பக் கிருமிகள்

நலமுள்ளவரிடம் தீங்கின்றி வாழும் சில பாக்டீரியங்கள், உடல் தளர்ந்தபோதும் புண் நேர்ந்தபோதும் நோய் விளைவிக்கின்றன. இவற்றைச் சந்தர்ப்பக் கிருமிகள் என்பர். குடலில் வாழும் கிளெப்சியெல்லா இவ்வகையினது.

இவை மருந்தை எதிர்க்கும் ஆற்றலை ஒன்றுக்கொன்று வழங்கவும் வல்லவை. என்.டி.எம்.-1 என்னும் நொதி, கடைசிக் காப்பாகக் கருதப்பட்ட கார்பாபெனெம் மருந்துகளையே சிதைக்கிறது. இந்நொதியுடைய 44 கிருமி மாதிரிகள் சென்னையில் கிடைத்ததாகச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் கார்த்திகேயன் குமாரசாமியும் பிறரும் 2010-இல் அறிவித்தனர். கொலிஸ்டின், டைகெசைக்ளின் ஆகியவையே அவற்றுட் பெரும்பாலானவற்றை அடக்கின. கொலிஸ்டினோ சிறுநீரகத்தைத் தாக்கக்கூடியது.

அஸ்ட்ரியோனாமை இந்நொதி சிதைப்பதில்லை; உடனிருக்கும் பிற நொதிகளே சிதைக்கின்றன. ஆதலால், அவற்றைத் தடுக்கும் அவிபாக்டத்துடன் அதனைச் சேர்த்து இன்று வழங்குகின்றனர்.

மருந்து மட்டுமே சிகிச்சை அன்று. சீழை வெளியேற்றலும், தொற்றுற்ற குழாய்களை அகற்றலும் வேண்டும். மருந்து தொடங்குமுன் மாதிரி எடுத்து, கிருமி எதற்கு அடங்கும் எனச் சோதித்தலும் வேண்டும். நோய் கடுமையாயின் முடிவுக்குக் காத்திராது மருந்து தொடங்கிப் பின்னர் மாற்றுவர்.

2018-இல் சுவராஜ் துவீப் எனப் பெயர் மாற்றப்பெற்ற ஹேவ்லாக்கிலிருந்து பெரிய மருத்துவமனைக்குக் கடல் கடந்தே செல்ல வேண்டும். ஆதலால் அங்கே முற்காப்பு இன்றியமையாதது. பவளப்பாறை கீறிய புண்ணை உடனே தூய நீரால் கழுவுக. வீட்டில் எஞ்சிய மாத்திரையை உண்ணற்க. வீக்கமோ காய்ச்சலோ தோன்றின் தாமதியாது மருத்துவரை நாடுக. இதனை மாணவர்க்கும் ஊரார்க்கும் எடுத்துரைத்தல் ஆசிரியர், களப்பணியாளர் கடமையாகும்.