மதிலோரத்தில் ஒரு துருக்கிக் கிராமம்

பேர்லின் நகரில் கொட்புஸ்ஸர் தோர் நிலையத்தில் இறங்கி வெளியே வருபவரின் காதில் முதலில் விழுவது துருக்கி மொழியாகவே இருக்கக்கூடும். வெதுப்பகத்திலும், இறைச்சிக் கடையிலும், தேநீர்ச் சாலையிலும் அதுவே பேச்சு. குறொய்ஸ்பேர்க் எனும் இப்பகுதியை ‘குட்டி இஸ்தான்புல்’ என்பர். பெருநகரின் நடுவே இருப்பினும், ஒருவரையொருவர் அழைத்து வந்து, உறவும் ஊருமாய்க் கூடி வளர்ந்த வகையில் இது ஒரு கிராமமே.

1961 ஓகஸ்ட் 13 அன்று பேர்லின் மதில் எழுந்தது. கிழக்கிலிருந்து வந்த தொழிலாளரை மேற்கு பேர்லின் தொழிற்சாலைகள் ஒரே இரவில் இழந்தன. அவ்வாண்டு ஒக்ரோபர் 30 இல் ஜேர்மனியும் துருக்கியும் ஆட்சேர்ப்பு உடன்படிக்கை செய்துகொண்டன. இரண்டு ஆண்டுகள் உழைத்துவிட்டுத் திரும்புவதே ஏற்பாடு. மூன்று புறமும் மதில் சூழ்ந்த குறொய்ஸ்பேர்க்கில், இடிப்பதற்கென ஒதுக்கப்பட்ட பழைய வீடுகள் மலிந்த வாடகைக்குக் கிடைத்தன. ஜேர்மனியர் விட்டகன்ற அவ்வீடுகளில் துருக்கியர் குடிபுகுந்தனர்.

1973 இல் ஆட்சேர்ப்பு நிறுத்தப்பட்டது. ஊருக்குப் போனால் மீண்டும் வர இயலாது என்றுணர்ந்தவர்கள் மனைவி மக்களை இங்கேயே அழைத்துக்கொண்டனர். தொகையைக் குறைக்க எடுத்த நடவடிக்கை தொகையைப் பெருக்கிற்று. 1975 இல் வெளிநாட்டவர் குறொய்ஸ்பேர்க்கில் புதிதாகக் குடியேறுவதற்குத் தடை வந்தது; கடவுச்சீட்டிலேயே முத்திரை குத்தினர். அகதி விண்ணப்பம் கொடுத்துவிட்டு, குறித்த எல்லையைத் தாண்ட அனுமதிக் கடிதத்துக்குக் காத்து நின்ற எம்மவர்க்கு அம்முத்திரையின் கனம் தெரியும்.

மதிலோரத்தில் ஒரு முக்கோணத் துண்டு நிலம் இருந்தது. கிழக்கு பேர்லினுக்கு உரியதாயினும், மதில் நேராகக் கட்டப்பட்டதால் மேற்குப் பக்கத்தில் அநாதையாய்க் கிடந்தது. 1980களில் அனத்தோலியாவிலிருந்து வந்த ஒஸ்மான் காலின் என்ற முதியவர் அங்கு குவிந்திருந்த குப்பையை அகற்றி வெங்காயமும் உள்ளியும் நட்டார். வீசியெறிந்த பலகைகளால் ஒரு கொட்டிலும் எழுப்பினார். கிழக்கின் எல்லைக் காவலர் வந்து விசாரித்துவிட்டு விட்டுவிட்டனர். 1989 இல் மதில் வீழ்ந்தது, கொட்டில் நின்றது. அவர் 2018 இல் காலமானார்.

மதில் போனபின் நகரின் ஓரம் நகரின் நடுவாயிற்று, வாடகையும் ஏறியது. 2012 இல் கொட்புஸ்ஸர் தோர் குடியிருப்பாளர்கள் தெருவில் ஒரு கொட்டிலமைத்துப் போராடினர். அதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘கெஜெகொண்டு’. ஓரிரவில் எழுப்பிய வீடு என்பது அத்துருக்கிச் சொல்லின் பொருள்.

இரண்டு ஆண்டுக்கென வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று அங்கு வாழ்கின்றனர். 2000 ஆம் ஆண்டுச் சட்டமே இங்கு பிறந்த வெளிநாட்டவர் பிள்ளைகளுக்கு, பெற்றோரின் வதிவிடத்தைப் பொறுத்துப் பிறப்பால் குடியுரிமை வழங்கியது. பழைய குடியுரிமையைக் கைவிடாது ஜேர்மன் குடியுரிமை பெறும் வழி 2024 இலேயே பொதுவாகத் திறந்தது. முதல் தலைமுறையில் பலர் அதைக் காணவில்லை.

ஆயினும் அக்கிராமம் மொழியை இழக்கவில்லை. குறொய்ஸ்பேர்க்கில் துருக்கி எழுத்தாளர் அசீஸ் நெசினின் பெயர் தாங்கிய அரச ஆரம்பப் பாடசாலையில் ஜேர்மனும் துருக்கியும் இணையாகக் கற்பிக்கப்படுகின்றன. எமது பிள்ளைகளோ வார இறுதியில் தமிழாலயம் சென்று தமிழ் கற்கின்றனர். எண்ணிக்கையில் நாம் சிறியவர்கள். எமக்கென ஒரு தெருவுமில்லை. அதனாலேயே எமது வீட்டுக் கூடந்தான் எமது கிராமம். அங்கு தமிழ் ஒலிக்காவிடில் வேறெங்கு ஒலிக்கும்?

திரும்பிப் போகும் நாளை எண்ணிப் பெட்டியை அலுமாரி மேல் வைத்திருப்பதில் தவறில்லை. பெட்டி அங்கேயே இருக்கட்டும். அதற்காக வெங்காயம் நடாமல் இருக்கலாகாது.