இளைஞர் விரும்பும் பத்திக்: இலாபம் யாருக்கு?

இன்றைய இந்தோனேசிய இளைஞர் பலர் பாட்டன் பாட்டி உடுத்த பத்திக் துணியைச் சட்டையாகத் தைத்து, ஜீன்ஸுடனும் சப்பாத்துடனும் அணிகின்றனர். 2009 ஒக்டோபர் 2ஆம் திகதி யுனெஸ்கோ நிறுவனம் பத்திக் கலையை மனிதகுலத்தின் பண்பாட்டு மரபுகளில் ஒன்றாகப் பட்டியலிட்டது. அந்நாள் தேசிய பத்திக் தினமாக ஆண்டுதோறும் கொண்டாடப்படுகிறது.

ஆயினும் நாம் ஒன்றைக் கவனிக்க வேண்டும். உருகிய மெழுகால் துணியில் கோலமெழுதி, சாயமிட்டு, பின் மெழுகை நீக்குவதே கைப்பத்திக். நுணுக்கமான ஒரு துணிக்கு மாதக்கணக்கில் உழைக்க வேண்டும். ஆலையில் அச்சிட்ட துணியோ மலிவு. இளைஞர் பலர் வாங்குவது அதையே. ஆகவே நாகரிகம் பரவியதால் மட்டும் கைவினைஞர் வீட்டில் உலை கொதிக்காது.

யாவாத் தீவில் யோக்யகர்த்தாவுக்குத் தெற்கே கிரிலோயோ என்றொரு கிராமம் உண்டு. அவ்வூர்ப் பெண்கள் நெடுங்காலமாக மெழுகு வேலையை மட்டும் செய்து, சாயமிடாத துணியை நகர வியாபாரிகளுக்கு விற்றனர். இலாபம் நகரத்திலேயே தங்கியது. நெல்லாக விற்று அரிசியாக வாங்கியோருக்கு இது புதிதன்று.

2006 மே 27இல் நிகழ்ந்த நிலநடுக்கம் அப்பகுதி வீடுகளைத் தரைமட்டமாக்கியது. யோக்யகர்த்தாவிலும் அயலிலும் 5,700 பேருக்கு மேல் மாண்டனர். அதன்பின் அப்பெண்கள், உதவ வந்தோரின் துணையுடன் சாயமிடக் கற்றனர். குழுக்களாகச் சேர்ந்து, முடித்த துணியைத் தாமே விற்றனர். இப்போது மாணவர்கள் அக்கிராமத்துக்கே சென்று பத்திக் எழுதிப் பழகுகின்றனர்.

வீடு இடிந்தாலும் கைத்தொழில் இடிவதில்லை. அத்தொழிலின் கடைசிப் படியும் நம் கைக்கு வரவேண்டும். எத்தொழிலைத் தொடங்கினாலும், முடிப்பதும் விற்பதும் யார் என்பதை முதலில் கேட்போம்.