கஜினி மறதிக்காரர் இல்லை

ஸ்கூட்டர் சாவியை வைத்த இடம் தெரியாமல் வீட்டையே புரட்டிப் போடுகிறவரிடம் "என்ன, கஜினி ஆயிட்டீங்களா?" என்று கேட்பது தமிழ்நாட்டில் சகஜம். பாவம், கஜினி முகமதுவுக்கும் மறதிக்கும் எந்த ஒட்டுறவும் கிடையாது. பள்ளிக்கூடப் பாடத்தில் அவர் பதினேழு முறை படையெடுத்தவர். விடாப்பிடிக்கு உதாரணமாக வாத்தியார்கள் காட்டியவர். ஏ.ஆர்.முருகதாஸ் 2005இல் எடுத்த 'கஜினி' படத்தின் தலைப்பு நினைவூட்டுவதும் அந்த விடாப்பிடியைத்தான். அதில் சூர்யா நடித்த மறதிக்கார நாயகனின் பெயர் சஞ்சய் ராமசாமி. ஆனாலும் இருபது வருடங்களாக ஊர் வழக்கில் மறதிக்குப் பெயர் கஜினி. யாரோ ஒருவரின் பெயர் வேறொருவரின் நோயோடு ஒட்டிக்கொண்டுவிட்டது. மனித நினைவு எப்படி வேலை செய்கிறது என்பதற்கு அந்தப் படத்தைவிட நல்ல சாட்சி இந்தக் குழப்பம்.

அந்த 2005 ஒரு விசித்திரமான வருடம். ஏப்ரலில் 'சந்திரமுகி', ஜூனில் 'அந்நியன்', செப்டம்பர் கடைசியில் 'கஜினி'. 'நான் யார்' என்று சித்தர்கள் கேட்ட கேள்வியை ஆறே மாதத்தில் மூன்று படங்கள் டாக்டர் அறைக்குக் கொண்டுபோய்விட்டன. 'ஸ்ப்ளிட் பர்சனாலிட்டி'யும் 'ஷார்ட் டேர்ம் மெமரி லாஸ்'ஸும் டீக்கடைப் பேச்சில் கலந்தன.

அந்த இரண்டாவது சொல்லிலேயே ஒரு பிழை இருக்கிறது. அதைப் புரிந்துகொள்ள அமெரிக்காவின் கனெடிகட் மாநிலத்தில் வாழ்ந்த ஹென்றி மொலேசனிடம் போக வேண்டும். கடும் வலிப்பு நோயால் அவதிப்பட்டவர் அவர். 1953இல், அவருடைய 27வது வயதில், அறுவை மருத்துவர் வில்லியம் ஸ்கோவில் மூளையின் இரு பக்கப் பொட்டு மடல்களிலிருந்தும் உட்பகுதியை அகற்றினார். ஹிப்போகேம்பஸ் என்ற கடல்குதிரை வடிவ உறுப்பின் பெரும்பகுதியும் அதோடு போயிற்று. வலிப்பு குறைந்தது. ஆனால் அன்று முதல் புதிதாகச் சந்தித்த எவரையும், புதிதாக நடந்த எதையும் ஹென்றியால் மனத்தில் நிறுத்த முடியவில்லை. 2008இல், 82 வயதில், அவர் இறக்கும்வரை உலகம் அவரை 'எச்.எம்.' என்ற இரண்டு எழுத்துகளாக மட்டுமே அறிந்திருந்தது. நரம்பியல் வரலாற்றில் இவர் அளவுக்கு ஆராயப்பட்ட நோயாளி வேறு யாரும் இருந்திருப்பாரா என்பது சந்தேகமே.

மான்ட்ரியலிலிருந்து அவரைப் பரிசோதிக்க வந்த உளவியலாளர் பிரெண்டா மில்னர் ஒருமுறை 584 என்ற எண்ணை நினைவில் வைத்துக்கொள்ளச் சொன்னார். கால் மணி நேரம் கழித்துக் கேட்டபோது ஹென்றி சரியாகச் சொன்னார். எப்படி? மூன்று இலக்கங்களையும் கூட்டினால் 17, எட்டைக் கழித்தால் 9, ஒன்பதைப் பிரித்தால் ஐந்தும் நான்கும் என்று இடைவிடாமல் மனக்கணக்குப் போட்டுக்கொண்டே இருந்திருக்கிறார். பேச்சு வேறு பக்கம் திரும்பிய ஒரு நிமிடத்துக்குள் எண்ணும் போயிற்று, எண் ஒன்று சொல்லப்பட்டது என்பதும் போயிற்று. ஆக, அவருடைய குறுகிய கால நினைவு ஆரோக்கியமாகவே இருந்தது. அதை நீண்ட கால நினைவாக மாற்றும் பட்டறைதான் இல்லை. சஞ்சய் ராமசாமிக்கும் தற்செயலாக அதே பதினைந்து நிமிடக் கணக்கு. ஆனால் நிஜ நோயாளிகளுக்குள் அலாரம் வைத்த கடிகாரம் எதுவும் ஓடுவதில்லை. கவனம் எப்போது சிதறுகிறதோ அப்போது நினைவு அறுகிறது.

'கஜினி'க்கு முன்னோடி கிறிஸ்டோபர் நோலனின் 'மெமென்டோ' (2000) என்பது ஊரறிந்த விஷயம். பச்சை குத்திய உடம்பு, பின்னால் குறிப்பு எழுதிய போலராய்டு படங்கள், கொல்லப்பட்ட பெண், பழிவாங்கத் திரியும் ஆண். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் பார்வையாளரை எங்கே உட்கார வைக்கிறார்கள் என்பதில் இருக்கிறது. முருகதாஸ் படத்தில் நாம் சஞ்சய்க்கு வெளியே உட்கார்ந்து பரிதாபப்படுகிறோம்; கொல்லப்பட்ட காதலி கல்பனாவின் கதை முழுவதும் நமக்குத் தெரியும், அவருக்குத்தான் தெரியாது. நோலன் வண்ணக் காட்சிகளைப் பின்னோக்கி அடுக்கினார். ஒவ்வொரு காட்சி தொடங்கும்போதும் அதற்கு முன்னால் நடந்தது நமக்கும் தெரியாது. நாயகன் தெருவில் ஓடுகிறான். துரத்துகிறோமா, துரத்தப்படுகிறோமா என்று அவனோடு சேர்ந்து நாமும் விழிக்கிறோம். ஒரு நோயின் உள்பக்கத்தைப் படத்தொகுப்பு மேசையிலேயே செய்து காட்டிய படம் என்று அதைச் சொல்லலாம்.

பச்சை குத்தியிருப்பதே மறந்துபோகாதா என்று கேட்பவர்கள் உண்டு. அதற்கும் மில்னரிடம் பதில் இருக்கிறது. கண்ணாடியில் மட்டும் பார்த்தபடி ஒரு நட்சத்திரத்தின் இரட்டைக் கோடுகளுக்கு நடுவே பென்சிலால் வரையும் பயிற்சியை ஹென்றிக்கு மூன்று நாள் கொடுத்தார். ஒவ்வொரு நாளும் இதை முன்பு செய்ததே இல்லை என்றார் ஹென்றி. கை மட்டும் நாளுக்கு நாள் தேறியது. நடந்ததை நினைவில் வைப்பது ஒரு ஏற்பாடு, பழக்கத்தைப் பிடித்துக்கொள்வது வேறொரு ஏற்பாடு என்பது அந்த நட்சத்திரத்தில் தெரிந்தது. சட்டையைக் கழற்றிக் கண்ணாடியைப் பார்ப்பது ஒரு பழக்கமாகிவிட்டால், ஹிப்போகேம்பஸ் இல்லாமலும் அது நடக்கும்.

லண்டனைச் சேர்ந்த நரம்பியல் உளவியலாளர் சாலி பாக்ஸென்டேல், சினிமாக்காரர்கள் மறதியை எப்படியெல்லாம் காட்டுகிறார்கள் என்று 2004இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதினார். தலையில் ஒரு அடி விழுந்தால் நினைவு போவது, இன்னொரு அடி விழுந்தால் திரும்புவது, போனதும் வந்ததுமாக ஆளின் குணமே மாறுவது ஆகியவற்றை அவர் கேலி செய்திருந்தார். பாராட்டுப் பெற்ற மிகச் சில படங்களில் ஒன்று 'மெமென்டோ'. இன்னொன்று, 'ஃபைண்டிங் நீமோ'. அதில் வரும் டோரி என்ற நீல மீன் பெயர்களைத் தவறவிடுவதும், எதற்காகப் போகிறோம் என்பதை நடுவழியில் தொலைப்பதும் நிஜ நோயாளிகளின் அன்றாடத்துக்கு மிக நெருக்கமாம்.

'மூன்றாம் பிறை'யை (1982) அவர் பார்த்திருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்று யோசிக்கத் தோன்றுகிறது. விபத்தில் ஸ்ரீதேவியின் பாத்திரம் குழந்தையாகிறது. குணமானதும் இடைக்காலம் முழுவதையும் துடைத்துவிட்டு ரயிலேறிப் போகிறது. மருத்துவக் கண்ணுக்கு இது அத்தனையும் தப்பு. ரயில் நிலையத்தில் கமல் குட்டிக்கரணம் போடும்போது யார் மருத்துவத்தைப் பற்றிக் கவலைப்பட்டார்கள்?

தமிழில் இந்த விஷயத்தைச் சரியாகத் தொட்ட படம், நகைச்சுவைப் படமாக வந்தது. பாலாஜி தரணீதரனின் 'நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்' (2012). கல்யாணத்துக்கு முன்னால் கிரிக்கெட் ஆடப்போய் பின்மண்டையில் அடிபட்டு, கட்டப்போகிற பெண்ணையே மறந்துபோகிறான் நாயகன். பின்னாளில் '96' படத்தை இயக்கிய சி.பிரேம்குமாருக்கு நிஜமாகவே நேர்ந்தது இது. அந்த 2012 படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவரும் அவரே. தன் மறதியைத் தானே படம்பிடித்த மனிதர் உலக சினிமாவில் அபூர்வம். விஜய் சேதுபதி "என்னாச்சு?" என்று தொடங்கி, ஒரே வாக்கியங்களை ஒரே வரிசையில், ஒரே குரலில் திரும்பத் திரும்பச் சொல்வது சிரிப்புக்காகச் சேர்த்த மசாலா போலத் தெரியும். தலைக்காயத்துக்குப் பின் வரும் மறதியில் நடப்பது அப்படியேதான். பதில் மனத்தில் தங்குவதில்லை; சூழ்நிலை மாறவில்லை; ஆகவே அதே கேள்வி அதே சொற்களில் மறுபடி பிறக்கிறது.

காதலியை மறந்தவனுக்குப் பழைய நண்பர்களை மட்டும் நன்றாக நினைவிருப்பதும் சரியே. புதிய நினைவு முதலில் அழியும், பழையது நின்று பிடிக்கும் என்று பிரெஞ்சு உளவியலாளர் தியோடுல் ரிபோ 1881லேயே எழுதிவிட்டார். சிமென்ட் உலர்வதைப் போல நினைவு இறுகுவதற்கும் நாள் பிடிக்கிறது. படம் சறுக்கியது ஒரே இடத்தில்: அடிபட்டதாக நாயகன் சொல்லும் மெடுல்லா ஆப்ளங்கேட்டா மூச்சையும் இதயத் துடிப்பையும் கவனிக்கும் பகுதி. நினைவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

'அந்நியன்' கதை வேறு. அம்பி, ரெமோ, அந்நியன் ஆகிய மூவருக்கும் இடையே இரும்புக் கதவுகள். ஒருவர் செய்தது இன்னொருவருக்குத் தெரியாது. அந்தப் படம் சொன்ன 'மல்டிபிள் பர்சனாலிட்டி டிஸார்டர்' என்ற பெயரையே அமெரிக்க மனநல மருத்துவர்கள் 1994இல் கைவிட்டிருந்தார்கள். இன்று அது விலகல் அடையாளக் கோளாறு. நெதர்லாந்தில் ரஃபேல ஹன்ட்யன்ஸ் குழுவினர் இத்தகைய நோயாளிகளைச் சோதித்தபோது, ஓர் அடையாளத்தில் படித்த சொற்களை மற்றோர் அடையாளம் தெரியாது என்று மறுத்தாலும், சோதனை முடிவில் அவை கசிந்து வந்திருந்தன. நோயாளிகளின் துன்பம் பொய்யில்லை. கதவுகள்தான் அவர்களே நம்புகிற அளவுக்கு இறுக்கமாக இல்லை. எருமைகளை ஏவியும் எண்ணெய்க் கொப்பரையில் தள்ளியும் கொலை செய்யும் ஆள் சினிமாவில்தான் உண்டு. நிஜத்தில் இவர்களில் பலர் மாய்த்துக்கொள்ள முயல்வது தங்களைத்தான்.

நினைவை வேண்டுமென்றே அழிக்க முடியுமா? 'எடர்னல் சன்ஷைன் ஆஃப் த ஸ்பாட்லெஸ் மைண்ட்' (2004) படத்தில் பிரிந்த காதலர்கள் ஒரு கம்பெனிக்குப் பணம் கட்டி ஒருவரையொருவர் மூளையிலிருந்து துடைத்துவிடுகிறார்கள். கற்பனைதான். ஆனால் படம் வருவதற்கு நான்கு வருடம் முன்பு கரீம் நாடரும் அவருடைய சகாக்களும் எலிகளில் ஓர் உண்மையைக் கண்டிருந்தார்கள்: இறுகிப்போன பய நினைவும் எடுத்துப் பார்க்கும் ஒவ்வொரு முறையும் மீண்டும் இளகுகிறது. இளகிய நேரத்தில் புரதம் உருவாவதைத் தடுத்தால் அந்தப் பயம் திரும்புவதில்லை. 2009இல் ஆம்ஸ்டர்டாமில் மெரல் கிண்ட் இதையே மனிதர்களிடம் செய்துபார்த்தார். ரத்த அழுத்தத்துக்குத் தரும் ப்ரோப்ரனலால் மாத்திரை போதுமானதாக இருந்தது. படத்தில் வருவதற்கு நேர் எதிராக, என்ன நடந்தது என்பது எல்லோருக்கும் நன்றாக நினைவிருந்தது. உடம்பு மட்டும் திடுக்கிட மறந்திருந்தது. 2013இல் சுசுமு தொனேகவாவின் ஆய்வகம் ஒரு படி மேலே போயிற்று. குறிப்பிட்ட நரம்பணுக்களை ஒளியால் தூண்டி, ஒரு பெட்டியில் நடக்காத மின்னதிர்ச்சி அங்கே நடந்ததாகவே எலிகளை நம்பி அஞ்ச வைத்தது.

மனிதர்களுக்குப் பொய் நினைவு கொடுக்க ஒளிக்கற்றை எல்லாம் வேண்டாம், ஒரு வினைச்சொல் போதும். எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பால்மரும் 1974இல் மாணவர்களுக்கு ஒரு கார் விபத்துப் படத்தைப் போட்டுக் காட்டினார்கள். ஐம்பது பேரிடம் கார்கள் 'இடித்தபோது' என்ன வேகம் என்று கேட்டார்கள். இன்னும் ஐம்பது பேரிடம் 'மோதி நொறுங்கியபோது' என்று கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேள்வி. முதல் கூட்டத்தில் 7 பேர் ஆமாம் என்றார்கள், இரண்டாவதில் 16 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. குரசோவாவின் 'ரஷோமான்' (1950), அதன் பாணியில் வீணை எஸ்.பாலச்சந்தர் பாட்டே இல்லாமல் எடுத்த 'அந்த நாள்' (1954) ஆகியவற்றில் ஒருவர் சொல்வது இன்னொருவர் சொல்வதோடு முரண்படும்போது, யார் பொய் சொல்கிறார் என்றுதான் நாம் தேடுகிறோம். லாஃப்டஸின் மாணவர்களில் ஒருவரும் பொய் சொல்லவில்லை.

இந்தச் சோதனையை வீட்டிலேயே செய்து பார்க்கலாம். தமிழ் 'கஜினி'யை நன்றாகப் பார்த்த ஒருவரிடம் இப்படிக் கேளுங்கள்: வில்லன் கஜினி இரும்புக் கம்பியால் சூர்யாவை அடிப்பது மண்டையின் எந்தப் பக்கம்? அவர் கண்ணை மூடி யோசித்து ஏதோ ஒரு பக்கத்தைச் சொன்னபின், தமிழ்ப் படத்தில் வில்லன்களின் பெயர் ராம், லட்சுமண் என்றும், கஜினி என்ற வில்லன் ஆமிர் கான் நடித்த இந்திப் படத்தில் மட்டுமே இருந்தார் என்றும் சொல்லுங்கள்.