வெட்கம் தின்ற நேரம்
‘கைபேசிக் களவு’ தொடர் – 9

சென்ற வாரம் வாடகைக் கணக்குகளைப் பற்றி எழுதியிருந்தேன். ஐயாயிரத்துக்கும் பத்தாயிரத்துக்கும் ஆசைப்பட்டுத் தன் பெயரில் வங்கிக் கணக்கும் சிம் கார்டும் வாங்கி முன்பின் தெரியாதவரிடம் கொடுத்துவிட்டு, பிறகு வேறு மாநிலப் போலீஸ் வாசலில் வந்து நிற்கும்போது விழிக்கிற கல்லூரிப் பிள்ளைகளின் கதை அது. படித்தவர்கள் பலரும் ஒரே கேள்வியைக் கேட்டிருக்கிறார்கள்: இப்படிக் கணக்கு விட்டுக் கணக்குத் தாவுகிற பணம் திரும்பக் கிடைக்குமா?

கிடைக்கும். எத்தனையோ பேருக்குக் கிடைத்திருக்கிறது. ஆனால் எவ்வளவு கிடைக்கும் என்பது போலீஸாரான எங்கள் திறமையைவிட, பறிகொடுத்தவர் எத்தனை சீக்கிரம் வாய் திறக்கிறார் என்பதைத்தான் பொறுத்திருக்கிறது. சைபர் கிரைம் காவல் நிலையத்தில் யார் வந்து உட்கார்ந்தாலும் நாங்கள் முதலில் கேட்பது, “பணம் எப்போங்க போச்சு?” என்றுதான். எப்படிப் போனது என்பதை ஆற அமரக் கேட்டுக்கொள்ளலாம்.

இதற்கென்றே 2021 ஏப்ரலில் மத்திய உள்துறை அமைச்சகம் ஓர் ஏற்பாட்டைக் கொண்டுவந்தது. அப்போது உதவி எண் 155260. பின்னர் அது 1930 ஆனது. நீங்கள் அழைத்ததும் எதிர்முனையில் இருப்பவர் உங்கள் பெயர், எந்த வங்கி, எவ்வளவு தொகை, எத்தனை மணி, பரிவர்த்தனை எண் என்ன என்று கேட்டுப் பதிவு செய்வார். பதிந்ததும் அந்த விவரம் உங்கள் வங்கியின் திரைக்குப் போகும். பணம் வேறு வங்கிக்குப் போயிருந்தால் அந்த வங்கியின் திரைக்குப் போகும். அங்கே மிச்சம் இருக்கிற தொகையை யாரும் எடுக்க முடியாதபடி நிறுத்திவைப்பார்கள். வங்கிக்காரர்கள் இதை ‘லியன் போட்டாச்சு’ என்பார்கள். அங்கிருந்தும் கிளம்பியிருந்தால் அதற்கடுத்த வங்கி. பணம் முன்னால் ஓட, புகார் அதன் பின்னால் ஓடும்.

திருடனுக்கும் இது தெரியும். அதனால்தான் முதல் கணக்குக்கு வந்த ஐந்து லட்சம் சில நிமிடங்களில் ஐந்தாறு கணக்குகளாகப் பிரிகிறது. அவை ஒவ்வொன்றும் மறுபடி பிரியும். கடைசியில் எங்கோ ஓர் ஏ.டி.எம்.மில் நோட்டாகவோ கிரிப்டோவாகவோ மாறிவிடும். நோட்டாகிவிட்ட பணத்துக்கு எந்த வங்கியும் லியன் போட முடியாது.

2024இல் மட்டும் நாட்டு மக்கள் இணைய மோசடிகளில் இழந்த தொகை ரூ.22,845 கோடி என்று நாடாளுமன்றத்தில் அரசு தெரிவித்தது. அதற்கு முந்தைய ஆண்டு ரூ.7,465 கோடி. 1930 ஏற்பாடு தொடங்கியதிலிருந்து 2025 நடுப்பகுதி வரை, இத்தனை ஆண்டுகளிலும் சேர்த்துக் காப்பாற்றப்பட்டது ரூ.5,489 கோடிக்குச் சற்று அதிகம். இடையில் இருக்கும் அந்தப் பெரும் பள்ளத்துக்குக் காரணங்கள் பல. என் மேசைக்கு வரும் வழக்குகளில் நான் திரும்பத் திரும்பப் பார்க்கிற காரணம் ஒன்றுதான்: வெட்கம்.

தையல் கடை வைத்திருக்கும் ஒரு பெண்ணுக்கு, மின் கட்டணம் பாக்கி, இன்றிரவு இணைப்பைத் துண்டிக்கப் போகிறோம் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி வந்தது. கூடவே, தொட்டால் போனில் செயலியை ஏற்றிவிடும் ஓர் ஏ.பி.கே. கோப்பு. தொட்டார். கணக்கிலிருந்து ரூ.46,000 போனது. அவர் செய்த முதல் வேலை, கடை வாசலில் நின்று பக்கத்துக் கடைக்காரரைக் கூப்பிட்டு, “அண்ணா, எம் பணம் போயிருச்சு” என்று கத்தியதுதான். அந்த அண்ணன் 1930ஐ அழைத்துக் கொடுத்தார். பெரும்பகுதி இரண்டாவது கணக்கிலேயே நின்றுவிட்டது. அவ்வளவுதான் அந்த வழக்கு.

மற்றொருவர் ஓய்வு பெற்ற தலைமையாசிரியர். வந்து உட்கார்ந்ததும் மஞ்சள் பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்து மேசையில் வைத்தார். முத்து முத்தான கையெழுத்து. ‘காலை 6.50: குளிக்க அனுமதி. 7.05: திரும்ப வந்து முகம் காட்டினேன். 8.15: சிற்றுண்டி. கேமரா அணைக்கப்படவில்லை. 11.30: வங்கிக்குச் செல்ல அனுமதி. போனைச் சட்டைப் பையில் இணைப்பிலேயே வைத்திருக்க உத்தரவு.’ இப்படி மூன்று நாள் விவரம். மும்பை போலீஸ் என்றும் சி.பி.ஐ. என்றும் சொல்லிக்கொண்டவர்கள், உங்கள் ஆதாரை வைத்துப் போதைப்பொருள் பார்சல் போயிருக்கிறது, நீங்கள் ‘டிஜிட்டல் அரெஸ்ட்’டில் இருக்கிறீர்கள், நடமாட்டத்தையெல்லாம் எழுதி வையுங்கள் என்று சொல்லியிருக்கிறார்கள். எழுதியிருக்கிறார். கடைசிப் பக்கத்தில் அனுப்பிய தொகைகளை வரிசையாகப் போட்டு, கூட்டி, ‘மொத்தம் ரூ.19,40,000’ என்று எழுதி, அடியில் ஸ்கேல் வைத்து இரட்டைக் கோடு இழுத்திருந்தார்.

பணம் போனது செவ்வாய்க்கிழமை. ஏமாற்று என்று அவருக்கே விளங்கியது புதன்கிழமை காலை. எங்களிடம் வந்தது ஞாயிற்றுக்கிழமை. நடுவில் நான்கு நாள் என்ன செய்தீர்கள் ஐயா என்று கேட்டேன்.

“எப்படிங்க மேடம் சொல்றது? சம்சாரத்துகிட்டச் சொன்னா ஒடைஞ்சு போயிருவா. மாப்பிள்ளை ஐ.டி.யில இருக்காருங்க, அவர் முகத்துல எப்படி முழிக்கிறது? ஊர்ல பாதிப் பேருக்கு நான்தானுங்க பாடம் சொல்லிக் கொடுத்தேன்.”

அந்த நான்கு நாளில் பணம் பல மாநிலங்களில் எத்தனையோ கணக்குகளைக் கடந்துவிட்டிருந்தது. ஒன்றரை லட்சம் சொச்சம் மட்டும் ஒரு கணக்கில் எடுக்கப்படாமல் கிடந்தது. அதை நிறுத்திவைத்தோம். நீதிமன்ற உத்தரவு பெற்றுத்தான் அது அவர் கைக்குப் போக வேண்டும்.

பேராசைப்பட்டவர்கள்தான் ஏமாறுவார்கள் என்று நம்மில் பலர் சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். இந்த மனிதரிடம் எங்கே பேராசை? சட்டத்துக்குக் கட்டுப்பட்டே வாழ்ந்தவர், சட்டத்தின் பெயரால் மிரட்டப்பட்டதும் நடுங்கிப் போனார். போலீஸ் வாசலையே மிதிக்காதவர்களைத்தான் இந்தக் கும்பல் தேடுகிறது. நாலைந்து முறை ஸ்டேஷன் வந்து போனவரிடம் இந்த வித்தை பலிக்காது. அவருக்குக் கைது என்றால் என்னவென்று தெரியும்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ‘டிஜிட்டல் அரெஸ்ட்’ என்று ஒன்று இந்தியச் சட்டத்தில் எங்கும் கிடையாது. கைது செய்வதென்றால் காவலர் நேரில் வந்துதான் செய்ய முடியும். விசாரணைக்கு ஆஜராகச் சொல்லும் நோட்டீஸைக்கூட வாட்ஸ்அப்பில் அனுப்பக் கூடாது என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. உங்கள் பணம் நல்ல பணமா என்று சோதிக்க எங்கள் கணக்குக்கு அனுப்புங்கள் என்று கேட்கும் அதிகாரம் எந்தப் போலீசுக்கும் எந்த நீதிபதிக்கும் இல்லை.

கூட்டங்களில் நான் தவறாமல் சொல்லும் ஒரு வழக்கு லூதியானாவில் நடந்தது. வர்த்தமான் குழுமத் தலைவர் எஸ்.பி. ஓஸ்வால். நூல் வியாபாரத்தில் இருப்பவர்களுக்கு அந்தப் பெயரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. பத்ம பூஷண் பெற்றவர். 2024 ஆகஸ்ட் கடைசியில், அப்போது அவருக்கு 82 வயது, சி.பி.ஐ. அதிகாரிகள் என்று சொல்லிக்கொண்டு சிலர் ஸ்கைப்பில் வந்தார்கள். பணப் பரிமாற்ற மோசடி வழக்கு ஒன்றில் உங்களுக்குத் தொடர்பு இருக்கிறது என்றார்கள். இரவும் பகலும் கேமராவின் கண்ணில் இருக்க வைத்தார்கள். பிறகு உச்ச நீதிமன்ற விசாரணை என்று ஒன்றையே நடத்திக் காட்டினார்கள். அன்றைய தலைமை நீதிபதியின் பெயரில் ஒருவன் பேசினான். முத்திரையோடு உத்தரவும் வந்தது. ரூ.7 கோடி போயிற்று.

அவர் மூடி மறைக்கவில்லை. ஆகஸ்ட் 31ஆம் தேதியே வழக்குப் பதிவானது. லூதியானா போலீஸார் வங்கிகளை முடுக்கி, குவாஹாட்டி வரை போய் இரண்டு பேரைக் கைது செய்தார்கள். ரூ.5.25 கோடி மீட்கப்பட்டது. பிறகு ஊடகங்களிடமும் நடந்ததை அவரே விவரமாகச் சொன்னார். கூட்டத்தில் இதைச் சொல்லி முடித்ததும் முன்வரிசைப் பெரியவர்களின் முகம் மாறுவதைக் கவனித்திருக்கிறேன். அவ்வளவு பெரிய மனிதரே வாய்விட்டுச் சொல்லியிருக்கிறார் என்பதுதான் அவர்களைத் தொடுகிறது. கூட்டம் கலைந்த பிறகு யாராவது ஒருவர் மெதுவாகப் பக்கத்தில் வந்து, “எங்களுக்கும் ஒண்ணு நடந்திருக்குங்க மேடம்” என்று ஆரம்பிப்பார்.

அதன் பிறகும் இந்தக் கொள்ளை ஓயவில்லை. அம்பாலாவைச் சேர்ந்த முதிய தம்பதியர் இதே போல உச்ச நீதிமன்றத்தின் போலி உத்தரவுகளைக் காட்டி மிரட்டப்பட்டு ஒரு கோடிக்கும் மேல் இழந்தார்கள். 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றமே தானாக முன்வந்து அதை வழக்காக எடுத்துக்கொண்டது. டிசம்பரில், நாடு முழுவதும் நடக்கும் ‘டிஜிட்டல் அரெஸ்ட்’ மோசடிகளை விசாரிக்கும் பொறுப்பை சி.பி.ஐ.க்குக் கொடுத்தது.

விழிப்புணர்வு என்ற பெயரில் நாம் ஒட்டும் சுவரொட்டிகளில் பெரும்பாலும் என்ன இருக்கிறது? ஓ.டி.பி.யைச் சொல்லாதே, லிங்க்கைத் தொடாதே, ஏமாறாதே. எல்லாம் தேவையானவைதான். ஆனால் ஏற்கெனவே ஏமாந்து நிற்பவருக்கு அந்தச் சுவரொட்டி என்ன சொல்கிறது? ‘அத்தனை முறை சொல்லியும் கேட்காத முட்டாள் நீ’ என்றுதான் அவர் காதில் விழுகிறது. அவர் இன்னும் உள்ளே சுருண்டுகொள்கிறார்.

அதனால் மகளிர் சுயஉதவிக் குழுக் கூட்டங்களில் நான் அறிவுரையைக் குறைத்து, பயிற்சியைக் கூட்டிவிட்டேன். எல்லோரும் போனை எடுங்கள், கடைசியாக யாருக்குப் பணம் அனுப்பினீர்களோ அதைத் திறங்கள் என்பேன். அதில் யு.டி.ஆர். என்றோ யு.பி.ஐ. பரிவர்த்தனை எண் என்றோ 12 இலக்கம் இருக்கும், அதைச் சத்தமாக வாசியுங்கள் என்பேன். முதலில் சிரிப்பும் கூச்சலுமாக இருக்கும். “எனக்குக் காணோமே மேடம்” என்று நாலு பேர் எழுந்து வருவார்கள். பால் பணம் அனுப்பியது, பேரனுக்கு ரீசார்ஜ் செய்தது என்று ஒவ்வொன்றையும் திறந்து கீழே தள்ளித் தள்ளிக் கண்டுபிடிப்பார்கள். பதற்றத்தில் கை நடுங்கும்போது அந்த எண்ணைத் தேடி முக்கால் மணி நேரம் போக்கியவர்களைப் பார்த்திருக்கிறேன். ஒருமுறை தேடிப் பழகிய விரலுக்கு அரை நிமிடம் போதும்.

பள்ளிக்கூடங்களில் விஷயம் வேறு. அங்கே பணம் பெரிதல்ல. முகத்தை வெட்டி ஒட்டிய படம், அதை வைத்து மிரட்டல். பதினைந்து வயதுப் பிள்ளை அம்மாவிடம் சொல்ல ஏன் பயப்படுகிறது என்று கேட்டுப் பாருங்கள். திட்டு விழும் என்பது இரண்டாவது காரணம். போனைப் பிடுங்கிக்கொள்வார்கள், படிப்பை நிறுத்திவிடுவார்கள் என்பதே முதல் காரணம். மிரட்டுகிறவனும் அதையேதான் சொல்லி மிரட்டுகிறான்: “உங்க அப்பாவுக்கு அனுப்பிருவேன்.” அப்பாவிடம் பிள்ளையே முதலில் சொல்லிவிட்டால் அவன் கையில் ஆயுதம் ஏது? ஆகவே பெற்றோர் கூட்டத்தில் நான் கேட்பது ஒரே ஒரு வாக்குறுதி. எது நடந்திருந்தாலும் சொல்லு, போனைப் பிடுங்க மாட்டேன் என்று இன்றிரவே பிள்ளையிடம் சொல்லுங்கள்.

இந்த விஷயத்தில் சென்னைக்கு ஒரு பெருமை உண்டு. இணையத்தில் ஆபாசம் வெளியிடுவதைத் தண்டிக்கும், தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஆவது பிரிவில் நாட்டிலேயே முதல் தண்டனை கிடைத்தது எழும்பூர் நீதிமன்றத்தில்தான். 2004ஆம் ஆண்டு. யாஹூ குழு ஒன்றில் ஒரு பெண்ணைப் பற்றி ஆபாசமாக எழுதி, அவருடைய தொலைபேசி எண்ணையும் போட்டுவிட்டான் ஒருவன். அந்தப் பெண்ணுக்கு முகம் தெரியாதவர்களிடமிருந்தெல்லாம் அழைப்புகள். அவர் பிப்ரவரியில் புகார் கொடுத்தார். போலீஸார் அவனை மும்பையில் பிடித்தார்கள். நவம்பர் 5ஆம் தேதி தீர்ப்பு வந்துவிட்டது. சுஹாஸ் கட்டி வழக்கு என்று சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள். அந்தக் காலத்தில் கைக்குக் கை ஸ்மார்ட்போன் இல்லை, 1930 இல்லை, மாவட்டத்துக்கு மாவட்டம் சைபர் கிரைம் நிலையம் இல்லை. விவாகரத்தான பெண், 2004இல், காவல் நிலையத்துக்கு வந்து அந்த வாசகங்களை எடுத்துக் காட்டிப் புகார் எழுதியிருக்கிறார். அந்தத் துணிவை எண்ணும்போதெல்லாம் எனக்கு அவர்மீது மரியாதை கூடிக்கொண்டே போகிறது.

வெட்கத்தை வளர்ப்பதில் எங்கள் துறைக்கும் பங்கு உண்டு, அதையும் சொல்ல வேண்டும். புகாரோடு வருபவரிடம், “இவ்வளவு படிச்சிருக்கீங்க, இதுகூடத் தெரியலையா?” என்று கேட்கிற காவலர் இன்னும் இருக்கிறார். என் நிலையத்தில் அந்தக் கேள்விக்குத் தடை. அப்படிக் கேட்கப்பட்டவர் அடுத்த முறை வர மாட்டார். அவர் சொல்லிக் கேள்விப்படும் இன்னும் பத்துப் பேரும் வர மாட்டார்கள்.

இன்னொரு விஷயம். மனம் உடைந்து வருபவர்களில் கணிசமானவர்கள், நாங்கள் பார்த்துவிடக் கூடாது என்று உரையாடல்களை அழித்துவிட்டு வருகிறார்கள். குறிப்பாக இளைஞர்கள், வீடியோ அழைப்பில் ஆடை களையச் சொல்லி மிரட்டப்பட்டவர்கள். அழித்தது உங்கள் மானத்தை அல்ல, அவன் விட்டுப்போன தடயத்தை. அவன் எண், அவன் அனுப்பிய கணக்கு விவரம், நேரம், குரல் பதிவு எல்லாம் அதில்தான் இருக்கின்றன. நாளை நீதிமன்றத்தில் மின்னணுச் சான்றாக வைக்க வேண்டியதும் அதுவே. ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்திருந்தாலும் மூலத்தை அழிக்காதீர்கள். போனை ரீசெட் செய்யாதீர்கள். அவன் எண்ணை பிளாக் செய்யுங்கள், உரையாடலை மட்டும் அப்படியே விட்டுவையுங்கள். 1930இல் சொன்னதும் குறுஞ்செய்தியில் ஒரு ஒப்புகை எண் வரும். தேசிய சைபர் கிரைம் இணையதளத்தில் அந்த எண்ணைப் போட்டுப் புகாரை முழுமையாக்கிவிட்டு, அந்த எண், வங்கிக் கணக்கு விவர அறிக்கை, போன் மூன்றையும் எடுத்துக்கொண்டு நேரே நிலையத்துக்கு வாருங்கள். தனியாக வரத் தயக்கமாக இருந்தால் நண்பர் ஒருவரைக் கூட்டி வாருங்கள். பெண் காவலரிடம்தான் பேசுவேன் என்றால் அப்படியே கேளுங்கள், ஏற்பாடு செய்வோம்.

(தொடரும்)